வயலுக்கு வந்த லேலண்டு லாரி என்ஜின்

நெல் அறுவடைக் காலத்தில் நம் வயல்களில் இறங்கும் பெரிய டயர் வைத்த அறுவடை இயந்திரங்களைப் பார்த்திருப்பீர்கள். அவற்றில் பலவற்றை இயக்குவது அறுவடைக்கென்றே பிறந்த என்ஜின் அன்று. அடிப்படையில் அது ஒரு லாரி என்ஜின். சாலையில் பத்து டன் பாரம் இழுப்பதற்காக வடிவமைக்கப்பட்ட என்ஜின், இங்கே கதிரை அறுத்து, அடித்து, தூற்றி, நெல்லைத் தொட்டியில் கொட்டுகிறது. இந்த என்ஜினைப் பற்றிச் சிறு விவசாயி ஏன் தெரிந்துகொள்ள வேண்டும்? அதைச் சரியாக ஓட்டினால் நெல் வீட்டுக்கு வருகிறது. சரியாக ஓட்டாவிட்டால் வைக்கோலோடு போகிறது. மேலும், பழைய லாரி என்ஜின் ஒன்று மலிவாகக் கிடைக்கிறது, கிணற்றில் வைத்துத் தண்ணீர் இறைக்கலாமா என்று கேட்கும் விவசாயிகளும் உண்டு. இரண்டுக்கும் விடை ஒரே இடத்தில் இருக்கிறது.

பிறந்த கதை

இங்கிலாந்தில் லங்காஷயர் மாவட்டத்தில் லேலண்டு என்று ஒரு சிற்றூர். 1896-ல் அங்கே நீராவி வண்டிகள் செய்யத் தொடங்கிய ஒரு தொழிற்கூடம், 1907-ல் லேலண்டு மோட்டார்ஸ் என்று பெயர் மாற்றிக்கொண்டது. இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு அந்நிறுவனம் 'ஓ 600' என்ற டீசல் என்ஜினைக் கொண்டு வந்தது. அதன் முன்னால் உள்ள எழுத்தைப் பலரும் பூஜ்யம் என்றே படிக்கிறார்கள். அது எண்ணெய் என்ஜின் என்பதைக் குறிக்கும் ஆங்கில எழுத்தாகும். 600 என்பது ஆறு சிலிண்டர்களின் மொத்தக் கொள்ளளவைக் கன அங்குலத்தில் ஏறத்தாழச் சொல்வது. நம் கணக்கில் 9.8 லிட்டர். சில ஆண்டுகளில் அதன் அண்ணன் 680 வந்தது. அதன் சிலிண்டர் விட்டம் 127 மி.மீ., பிஸ்டன் ஓடும் தூரம் 146 மி.மீ., கொள்ளளவு 11.1 லிட்டர். சிறிய லாரிகளுக்கென்று 350, பிறகு 370, 400 என்று தம்பிகளும் வந்தன. 400 என்பது சுமார் 6.5 லிட்டர் கொள்ளளவு கொண்டது.

லாரிக்கு மட்டுமா இவை பயன்பட்டன? லண்டனிலும் பிற ஊர்களிலும் மாடிப் பேருந்துகளில் ஓடின. பிரிட்டிஷ் ரயில்வே 1950-களில் விட்ட டீசல் ரயில் பெட்டிகளின் அடிவயிற்றில் 680 என்ஜினைப் படுக்கை வசத்தில் பொருத்தி, ஒவ்வொன்றிலும் 150 குதிரைத்திறன் எடுத்தார்கள். ஹாலந்தின் டாப் நிறுவனம் லேலண்டிடம் உரிமம் பெற்றுத் தன் லாரிகளுக்கு இதே என்ஜினைச் செய்தது. போலந்து நாடும் 1960-களில் உரிமம் வாங்கி, மியெலெட்ஸ் நகரில் 400, 680 இரண்டையும் உற்பத்தி செய்தது. அந்த 400 என்ஜின்தான் அந்நாட்டின் புகழ்பெற்ற 'பிஸான் சூப்பர்' கோதுமை அறுவடை இயந்திரத்தில் உட்கார்ந்தது. பெரிய பிஸானுக்கு 680. ஆக, லாரி என்ஜின் வயலில் இறங்கியது நம் ஊரில் மட்டும் நடந்த காரியம் அன்று.

நம் பக்கம் வந்தால், சென்னைக்கு வடக்கே எண்ணூரில் 1948-ல் அசோக் மோட்டார்ஸ் என்ற பெயரில் தொழிற்சாலை தொடங்கியது. முதலில் அங்கே ஆஸ்டின் கார்களைப் பூட்டினார்கள். 1950-ல் லேலண்டுடன் ஒப்பந்தம் ஏற்பட்டு, 1955-ல் அசோக் லேலண்டு என்று பெயர் மாறியது. அங்கிருந்து வந்த காமெட் லாரியைத் தெரியாத கிராமம் தமிழ்நாட்டில் இருக்காது. கரும்பு ஆலைக்குக் கரும்பு சுமந்ததும், சந்தைக்கு வாழைத்தார் கொண்டு போனதும் பெரும்பாலும் அதுவே. காமெட்டுக்கு ஓடிய அந்த 400 வகை என்ஜின், சில மாறுதல்களுடன் பஞ்சாபில் செய்யப்பட்ட அறுவடை இயந்திரங்களிலும் ஏறியது. பின்னாளில், ஜப்பானின் ஹினோ நிறுவனத் தொழில்நுட்பத்தில் வந்த எச் வரிசை என்ஜின்கள் அந்த இடத்தைப் பிடித்தன. பெயர் மாறினாலும் வேலையின் தன்மை மாறவில்லை.

எச்.பி. மட்டும் போதாது

நூறு குதிரைத்திறன் கார் என்ஜினும் உண்டு, நூறு குதிரைத்திறன் லாரி என்ஜினும் உண்டு. பிறகு ஏன் அறுவடை இயந்திரத்துக்குக் கார் என்ஜினை வைப்பதில்லை? கார் என்ஜின் தன் முழுத்திறனை நிமிடத்துக்கு 5,000, 6,000 சுற்று ஓடித்தான் தருகிறது. பழைய லேலண்டு அதே திறனை 2,200 சுற்றிலேயே தந்துவிடுகிறது. மெதுவாகச் சுற்றி அதே திறனைத் தர வேண்டுமானால் ஒவ்வொரு சுற்றிலும் முறுக்கும் விசை இரண்டு மடங்குக்கு மேல் இருக்க வேண்டும். குதிரையும் உழவு மாடும் போல என்று வைத்துக்கொள்ளுங்கள். ஓடி இழுப்பது ஒன்று. நின்று நிதானமாக இழுப்பது மற்றொன்று. சேற்றில் வண்டி சிக்கினால் எதைப் பூட்டுவோம் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

மெதுவாக ஓடுவதால் தேய்மானமும் குறைவு. கனத்த வார்ப்பிரும்பு உடல். தேய்ந்தால் லைனரையும் பிஸ்டன் வளையங்களையும் மாற்றிக்கொண்டு மறுபடி ஓட்டலாம். டீசல் பம்பு முழுக்க இரும்பும் ஸ்பிரிங்கும்தான், மின்னணுச் சாதனம் எதுவும் இல்லை. 2020 ஏப்ரல் முதல் நாட்டில் விற்கும் புதிய லாரிகளுக்கு பி.எஸ். 6 புகை விதி வந்துவிட்டதால், இந்தப் பழைய முறை என்ஜினைப் புதிய லாரியில் இனிப் பார்க்க முடியாது. ஆனால், ஏற்கெனவே ஓடிக்கொண்டிருப்பவை ஓடுகின்றன. லாரி உடைக்கும் இடங்களில் பிரித்தெடுத்தவை விலைக்கும் கிடைக்கின்றன. அங்கேதான் சிறு விவசாயிக்கு ஆசை வருகிறது.

கிணற்றுக்கு ஆகுமா?

ஆகாது என்றுதான் சொல்வேன். காரணத்தைக் கணக்காகவே பார்ப்போம்.

சாதாரணக் கிணற்றில் 5 எச்.பி. பம்புக்கு என்ஜின் வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். 6 லிட்டர் கொள்ளளவுள்ள லாரி என்ஜின் 1,500 சுற்றில் ஓடும்போது, தன் பிஸ்டன்களையும் வால்வுகளையும் ஆயில் பம்பையும் விசிறியையும் சுழற்றுவதற்கே ஏறத்தாழ 15 எச்.பி. செலவழிக்கிறது. நீங்கள் ஒரு சொட்டுத் தண்ணீர் இறைக்காவிட்டாலும் இந்தச் செலவு உண்டு. ஆக, 5 எச்.பி. வேலைக்கு 20 எச்.பி. அளவுக்கு டீசல் எரிகிறது. ஒற்றைச் சிலிண்டர் 5 எச்.பி. டீசல் என்ஜினோ, தன் சொந்தச் செலவையும் சேர்த்து 7 எச்.பி. அளவுக்குத்தான் எரிக்கும். மணிக்குச் சுமார் ஒன்றேகால் லிட்டருக்குள் முடித்துவிடும். லாரி என்ஜின் மூன்று லிட்டரைத் தாண்டும். நாள் ஒன்றுக்கு ஆறு மணி நேரம் என்றால் சுமார் 12 லிட்டர் வித்தியாசம். ஒரு பருவத்தில் 40 நாள் இறைத்தால் 480 லிட்டர். என்ஜின் வாங்கியதில் மிச்சம் பிடித்த பணம் ஒரே பருவத்தில் எந்தப் பக்கம் போகிறது என்று இன்றைய டீசல் விலையால் பெருக்கிப் பார்த்துக்கொள்ளுங்கள்.

அதே லாரி என்ஜினுக்கு முழுச் சுமை கொடுத்தால் ஒரு எச்.பி.க்கு மணிக்குச் சுமார் 0.2 லிட்டர்தான் ஆகும். சிக்கனத்தில் சின்ன என்ஜினுக்கு அது சளைத்ததன்று. குறை என்ஜினில் இல்லை, கொடுக்கும் வேலையில் இருக்கிறது. மேலும், சுமையில்லாமல் நீண்ட நாள் ஓட்டினால் என்ஜின் போதிய சூடு ஏறாது. டீசல் முழுவதும் எரியாமல் நாசில்களில் கரி கட்டும். லைனர் பளபளவென்று கண்ணாடிபோல் ஆகி ஆயில் மேலேறும். புகைக்குழாயின் வாயில் கறுப்பாக எண்ணெய் வடியத் தொடங்கும்.

ஆபத்து ஒன்றும் இருக்கிறது. சாலையில் ஓட்டுநரின் கால் எப்போதும் ஆக்சிலேட்டர்மேல் இருப்பதால், லாரி டீசல் பம்புகளில் பெரும்பாலும் இரண்டு எல்லைகளைக் காக்கும் கவர்னரே இருக்கும். என்ஜின் நின்றுவிடாதபடி கீழ் வேகத்தையும், சிதறிவிடாதபடி மேல் வேகத்தையும் அது பார்த்துக்கொள்ளும். இடையில் உள்ள வேகம் ஓட்டுநரின் பொறுப்பு. கிணற்று மேட்டில் அந்தக் காலை யார் வைப்பது? பம்பு காற்று வாங்கிச் சுமை விட்டுப்போனால் என்ஜின் 1,500-லிருந்து 2,400 சுற்றுக்குப் பாய்ந்துவிடும். பம்பு மறுபடி தண்ணீரைப் பிடித்ததும், வேகம் 1.6 மடங்கு ஆனதால் அழுத்தம் இரண்டரை மடங்கும், இழுக்கும் திறன் நான்கு மடங்கும் ஆகும். குழாய் இணைப்பு தெறிக்கும். பெல்ட் அறுந்து அடிக்கும். அறுவடை இயந்திரத்துக்கும் ஜெனரேட்டருக்கும் கொடுக்கும்போது, எல்லா வேகத்திலும் நிலையாகப் பிடிக்கும் வேறு கவர்னரைப் பொருத்தித்தான் கொடுக்கிறார்கள். உடைத்த லாரியிலிருந்து வருவதில் அது இருக்காது.

சிலர் ரேடியேட்டரைக் கழற்றிவிட்டு, இறைக்கும் தண்ணீரையே என்ஜினுக்குள் செலுத்திக் குளிர வைக்கிறார்கள். உவர்ப்புத் தண்ணீர் உள்ள பகுதிகளில் இரண்டொரு ஆண்டில் உள்ளே உப்புப் படிந்து அடைத்துக்கொள்ளும். கொதிப்பது எந்தச் சிலிண்டர் என்று வெளியே தெரியாது.

கிணற்றுக்குச் சிறிய என்ஜினோ, மின் மோட்டாரோ, சூரிய சக்திப் பம்போதான் பொருத்தம். மானிய விவரங்களை உங்கள் பகுதி வேளாண்மைப் பொறியியல் துறை அலுவலகத்தில் நேரில் கேட்டுக்கொள்ளலாம். லாரி என்ஜின் நிறைந்த சுமைக்கு உரியது. ஆழ்குழாய்க் கிணறு போடும் ரிக் வண்டியைப் பாருங்கள். திருச்செங்கோடு பக்கத்திலிருந்து நாடெங்கும் போகும் அந்த வண்டிகளில் காற்று அமுக்கியை ஓட்டுவதும் இத்தகைய கனரக டீசல் என்ஜின்தான். பாறையில் இறங்கும்போது அது மூச்சு முட்ட வேலை செய்கிறது. அதுதான் அதற்கு இயல்பு. வாடகைக்கு வருகிற இடத்தில் இது நம் வேலைக்காரன். சொந்தமாக்கிக் கிணற்றில் கட்டினால் நாம் அதற்குத் தீனி போட்டே ஓய்ந்துவிடுவோம்.

அறுவடையில் ஆக்சிலேட்டர்

இனி முக்கியமான விஷயத்துக்கு வருவோம். அறுவடை இயந்திரத்தில் இந்த ஒரே என்ஜின் எத்தனை வேலை செய்கிறது என்று எண்ணிப் பாருங்கள். கதிரைச் சாய்க்கும் சுழலி, வெட்டும் கத்தி, மேலே ஏற்றும் சங்கிலி, கதிரடிக்கும் உருளை, வைக்கோலை உதறும் தட்டுகள், சல்லடை, தூற்றும் விசிறி, நெல் ஏற்றி, இவற்றுக்கு மேல் சக்கரங்கள். சக்கரத்துக்கு மட்டும் தனி கியர் உண்டு. மற்றவை யாவும் பெல்ட்டாலும் சங்கிலியாலும் என்ஜினோடு கட்டப்பட்டவை. என்ஜின் வேகம் பத்து சதவீதம் இறங்கினால் அத்தனையும் பத்து சதவீதம் இறங்கும்.

உருளை மெதுவானால் கதிரில் மணி ஒட்டிக்கொண்டே வைக்கோலோடு வெளியேறும். உதறும் தட்டு மெதுவானால் உதிர்ந்த மணியும் வைக்கோலுக்குள் சிக்கிப் போகும். விசிறிக் காற்றின் அழுத்தமோ வேகத்தின் வர்க்கமாகக் குறையும். வேகம் நூற்றுக்குத் தொண்ணூறானால் அழுத்தம் எண்பத்தொன்று. பதரும் தூசும் தொட்டியில் சேரும். கொள்முதல் நிலையத்தில் திரும்பத் தூற்றச் சொல்வார்கள். ஆகையால் அறுக்கும்போது என்ஜின் எப்போதும் குறித்த முழு வேகத்தில் ஓட வேண்டும். கதிர் அடர்த்தியாகவோ ஈரமாகவோ இருந்து என்ஜின் முனகினால் குறைக்க வேண்டியது வண்டி நகரும் வேகத்தை, கியரில். ஆக்சிலேட்டரைக் குறைக்கக் கூடாது. இந்த ஒரு வித்தியாசத்தை மனத்தில் வைத்துக்கொண்டால் போதும்.

ஓட்டுநர்களுக்கு இது தெரியாதா என்று கேட்கலாம். தெரியும். ஆனால் கூலிக் கணக்கு வேறு மாதிரி இழுக்கிறது. மணிக்கு இவ்வளவு என்று வாடகை பேசினால் டீசல் இயந்திரக்காரருடையது. ஆக்சிலேட்டரைக் கொஞ்சம் இறக்கி வைத்து, அதற்கேற்ப மெல்ல நகர்ந்தால் அவருக்கு டீசல் மிச்சம், மணியும் கூடும். உங்களுக்கு இரண்டு வகையில் நஷ்டம். ஏக்கருக்கு இவ்வளவு என்று பேசினாலோ நிலைமை தலைகீழ். அவர் வேகமாக ஓட்டி அடுத்த வயலுக்குப் போகத்தான் பார்ப்பார். உருளைக்குள் அளவுக்கு மீறிக் கதிர் போய் என்ஜின் திணறும். எந்தக் கணக்கில் பேசினாலும், கண்ணும் காதும் வயலில் இருக்க வேண்டும்.

காதுக்குத் தெரிவது என்ன? சரியாக ஓடும் என்ஜின் ஒரே சுருதியில் இரையும். ஒவ்வொரு முறை கதிர் உள்ளே போகும்போதும் சுருதி இறங்கி இறங்கி ஏறினால் சுமை அதிகம். கண்ணுக்குத் தெரிவது புகை. லேசான சாம்பல் நிறம் குற்றமில்லை. தொடர்ந்து கறுப்பாக வந்தால் சுமை மிகுதி, அல்லது காற்று போதவில்லை. அறுவடை வயலில் காற்று போதாமைக்கு முதல் காரணம் ஏர் பில்டரில் சேரும் தூசும் சுணையும்தான். அதைத் தட்டிச் சுத்தம் செய்யப் பத்து நிமிடம் போதும். நீலப் புகை என்றால் ஆயில் எரிகிறது, என்ஜின் தேய்ந்துவிட்டது. அத்தகைய இயந்திரம் பிற்பகல் வெயிலில் திறன் இழக்கும். சூடான பிறகும் வெள்ளைப் புகை நிற்காவிட்டால் டீசல் சரியாக எரியவில்லை, அல்லது உள்ளே தண்ணீர் கசிகிறது என்று பொருள்.

ரேடியேட்டர் வலையையும் ஒரு பார்வை பாருங்கள். லாரி சாலையில் ஓடும்போது எதிர்க்காற்றே ரேடியேட்டரைக் குளிர வைக்கும். வயலில் மணிக்கு மூன்று கிலோமீட்டர் நகரும் இயந்திரத்துக்கு விசிறிக் காற்று ஒன்றே கதி. அதுவும் வைக்கோல் தூசு நிறைந்த காற்று. வலை அடைத்தால் என்ஜின் கொதிக்கும். இயந்திரத்தை நிறுத்தித்தான் ஆற வைக்க வேண்டும். நிறுத்திய நேரத்தை வாடகையில் சேர்க்கக் கூடாது என்று முதலிலேயே பேசிக்கொள்வது நல்லது.

வயல் சிறியதாக இருப்பது இன்னொரு செலவு. பதினான்கு அடி அகலத்துக்கு அறுக்கும் இயந்திரம் மணிக்கு மூன்று கிலோமீட்டர் நகர்ந்தால், கணக்குப்படி மணிக்கு மூன்று ஏக்கர் அறுக்கலாம். அரை ஏக்கர், கால் ஏக்கர் வயல்களில் திரும்புவதற்கும் வரப்பு ஏறி இறங்குவதற்கும் பாதி நேரம் போய்விடும். என்ஜினோ அப்போதும் அதே இரைச்சலோடு டீசல் குடிக்கிறது. ஒட்டிய வயல்காரர்கள் நாலைந்து பேர் ஒரே ரகத்தை ஒரே வாரத்தில் நட்டு, ஒரே நாளில் சேர்ந்து அறுத்தால் மணிக்கணக்கில் மிச்சமாகும். சேறு காயாத டெல்டா வயல்களுக்கு டயர் வண்டி ஆகாது. பெல்ட் வண்டியைத்தான் அழைக்க வேண்டும். அதன் என்ஜின் சிறியது, அறுக்கும் அகலமும் பாதிதான். ஆனாலும் மேலே சொன்ன ஆக்சிலேட்டர் விதி அதற்கும் அப்படியே பொருந்தும்.

மணியை எண்ணிப் பாருங்கள்

நெல் வீணாகிறதா என்று அறிய வழி எளிது. நான்கு குச்சிகளைக் கட்டி ஒரு மீட்டர்ச் சதுரம் செய்துகொள்ளுங்கள். அறுக்காத பயிரின் அடியில் முதலில் அதை வைத்து, தானாக உதிர்ந்து கிடக்கும் மணிகளை எண்ணுங்கள். அது இயந்திரத்தின் குற்றமன்று. பிறகு இயந்திரம் போன தடத்தில் மூன்று இடங்களில் வைத்து எண்ணுங்கள். ஓரிடம் வைக்கோல் விழுந்த வரிசையின் அடியில், மற்ற இரண்டும் அதற்கு இரு பக்கத்திலும். வைக்கோலை உதறி, கதிரில் ஒட்டியிருக்கும் மணிகளையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். மூன்றின் சராசரியிலிருந்து முதல் எண்ணைக் கழித்தால் இயந்திரத்தால் வந்த சேதம் கிடைக்கும். பதர்களை எண்ண வேண்டாம்.

ஆயிரம் மணி 20 கிராம் எடையுள்ள நடுத்தர ரகத்தில், சதுர மீட்டருக்கு 100 மணி என்றால் ஏக்கருக்கு 8 கிலோ. 500 மணி என்றால் 40 கிலோ. சன்ன ரகத்தில் மணி எடை குறைவாதலால் கிலோவும் குறையும். இருநூறு, இருநூற்றைம்பதைத் தாண்டினால் ஓட்டுநரை நிறுத்தச் சொல்லி, ஆக்சிலேட்டர் முழுவதும் ஏறியிருக்கிறதா என்று பார்த்து, கியரை ஒரு படி இறக்கி மறுபடி ஓட்டிப் பாருங்கள். பெரும்பாலும் அதிலேயே எண்ணிக்கை இறங்கிவிடும். இறங்காவிட்டால் உருளைக்கும் அதன் அடித்தட்டுக்கும் உள்ள இடைவெளியையும், சல்லடைத் திறப்பையும் பார்க்கச் சொல்லலாம். மாறாக, தொட்டியில் நொறுங்கிய மணியும் உமி நீங்கிய அரிசியும் அதிகம் தெரிந்தால், உருளை வேகம் மிகுதி. அதற்கும் என்ஜின் வேகத்தைக் குறைக்கக் கூடாது. உருளையின் வேகத்தைத் தனியாக மாற்ற அதற்கென்று அமைப்பு இருக்கிறது. உருளை மெதுவாக வேண்டும் என்பதற்காக விசிறியையும் சேர்த்துப் பட்டினி போட வேண்டியதில்லை.

இந்த எண்ணிக்கையை முதல் இரண்டு சுற்று முடிந்ததுமே செய்துவிடுங்கள். வயலின் நடுவுக்குப் போன பிறகு எண்ணினால் பாதி நெல் ஏற்கெனவே தரையில் கிடக்கும்.